பலாக்கொட்டை லெக்டின்: 65-ல் வர வேண்டியது 15-ல் நிக்குது, உடைஞ்சு போச்சா?

கெடிலக்கரை

எல்லாருக்கும் வணக்கம். கடலூர்ல எம்.எஸ்சி. பயோடெக்னாலஜி ரெண்டாம் வருஷம். ப்ராஜெக்ட், பலாக்கொட்டையிலிருந்து லெக்டின் (சர்க்கரையைப் பிடிச்சுக்கிற புரதம்) பிரிக்கிறது. ஏன் பலான்னா பெரியம்மா வீடு பண்ருட்டி பக்கம். சீசன்ல கொட்டை சும்மாவே மூட்டையா கிடைக்கும். கெமிக்கலுக்கே கையைப் பிசையற எங்களுக்கு இது பெரிய விஷயம்.

செஞ்சது இதுதான்: வெள்ளைத் தோல், பிரவுன் தோல் ரெண்டையும் உரிச்சு மிக்சியில அரைச்சேன். பாஸ்பேட் பஃபர்ல ராத்திரி முழுக்க ஃபிரிட்ஜ்ல ஊற வச்சு, துணியில வடிகட்டி, சென்ட்ரிஃபியூஜ் பண்ணேன். தெளிஞ்சதுல அமோனியம் சல்ஃபேட் 30-லிருந்து 60 சதவீத வெட்டு, அதாவது அந்த உப்பு அளவுல வீழ்படிவாகிற புரதத்தை மட்டும் எடுத்தேன். வீழ்படிவை கொஞ்சம் பஃபர்ல கரைச்சு ஒரு ராத்திரி டயாலிசிஸ் (சவ்வுப் பையில வச்சு உப்பை வெளியேத்தறது). அப்புறம் 12 சதவீத எஸ்.டி.எஸ். ஜெல் (புரதத்தை எடைப்படி பிரிச்சுக் காட்டறது). மெர்காப்டோஎத்தனால் சேர்த்து 5 நிமிஷம் கொதிக்க வச்சுத்தான் ஏத்தினேன். கூமாசி சாயம்.

படிச்ச எல்லாத்துலயும் இந்த லெக்டின் 65 கிலோடால்டன் (மூலக்கூறு எடையோட அலகு) கிட்டன்னு போட்டிருக்கு. என் ஜெல்லுல 65 பக்கத்துல சொல்லிக்கிற மாதிரி ஒண்ணும் இல்ல. மார்க்கர்ல 14-க்கும் 18-க்கும் நடுவுல தடியா ஒரு பேண்ட். உத்துப் பார்த்தா ஒட்டின மாதிரி ரெண்டு கோடு. கைடு மேடம் பார்த்துட்டு "ப்ரோட்டியேஸ் தின்னுடுச்சு, பி.எம்.எஸ்.எஃப். போட்டு முதல்லேர்ந்து செய்"ன்னுட்டாங்க. (ப்ரோட்டியேஸ்னா புரதத்தை வெட்டற என்சைம், பி.எம்.எஸ்.எஃப். அதைத் தடுக்கிறது.)

இன்னொரு தொல்லை. சல்ஃபேட் சாம்பிள் ஏத்தின லேன் (ஜெல்லுல ஒரு சாம்பிள் ஓடற பாதை) கீழே போகப் போகக் குறுகி, பக்கத்து லேனையும் இழுத்துக்கிட்டுப் போகுது. மொத்த ஜெல்லும் நடுவுல தாழ்ந்து ரெண்டு ஓரமும் மேலே ஏறி இருக்கு. சாம்பிள் பஃபர் கலந்ததும் டியூப்ல வெள்ளையா ஏதோ திரண்டுச்சு, அதையும் சொல்லிடறேன்.

வைவா வருது. கொட்டை சீசனும் முடியப்போகுது. மறுபடி அரைக்கணுமா?

காலாப்பட்டு பஸ்

உங்க கைடு சொன்னது சரிதான். விதை எக்ஸ்ட்ராக்ட்னா ப்ரோட்டியேஸ் இல்லாம இருக்காது. எல்லாத்தையும் ஐஸ்ல வச்சு செய்யுங்க, இன்ஹிபிட்டர் காக்டெயில் மாத்திரை ஒண்ணு போடுங்க, வேலை முடிஞ்சுது. பேண்டை வெட்டி மாஸ் ஸ்பெக்குக்கு (மூலக்கூறு எடை அளக்கிற கருவி) அனுப்பிட்டா என்ன புரதம்னு ஒரே நாள்ல தெரிஞ்சிடும். இந்தக் காலத்துல ஜெல்லைப் பார்த்துக் குறி சொல்றது தேவையா?

முத்தியால்பேட்டை பெரியவர்

பாப்பா, மறுபடி அரைக்காதே. முதல்ல இதைப் படி.

நான் விஞ்ஞானி இல்ல. புதுச்சேரியில ஒரு ஆராய்ச்சிக் கூடத்துல டெக்னீஷியனா இருந்து ரிட்டயர் ஆனவன். ஜெல் ஊத்தறது, காலம் (மணி நிரப்பற குழாய், column) நிரப்பறது, பி.எச்.டி. பசங்க சிங்க்ல போட்டுட்டுப் போன கண்ணாடித் தட்டைக் கழுவறது, இதுதான் என் உத்தியோகம். அதனால ஜெல்லைப் பார்த்துக் குறி சொல்றதுல எனக்குக் கூச்சம் கிடையாது.

உன் புரதம் அழியல. நீ கொதிக்க வச்சுப் பிரிச்சிருக்கே, அவ்வளவுதான். பலாக்கொட்டையில அதிகமா இருக்கிற லெக்டினுக்கு ஜாகலின்னு பேரு. 65ங்கறது நாலு அலகு சேர்ந்து ஒரே மூலக்கூறா நிக்கும்போது இருக்கிற எடை. ஒவ்வொரு அலகுலயும் ரெண்டு சங்கிலி உண்டு. ஆல்ஃபா சங்கிலியில 133 அமினோ அமிலம், பீட்டாவுல வெறும் 20. ஆல்ஃபா 15 கிலோடால்டனுக்குப் பக்கம், பீட்டா 2. கூட்டி நாலால பெருக்கிப் பாரு, நீ படிச்ச எண்ணுக்குக் கிட்ட வந்துடும்.

இந்த நாலு அலகும் சங்கிலிகளும் கோவேலண்ட் பிணைப்பால (சகப்பிணைப்பு) கட்டப்படல. எஸ்.டி.எஸ். பட்டுக் கொதிச்சா கழண்டுடும். எஸ்.டி.எஸ்.ங்கறது ஒரு வகை சோப்பு, அது புரதத்து மேல போய் அப்பிக்கும். ஒரு கிராம் புரதத்துக்கு ஏறக்குறைய 1.4 கிராம் எஸ்.டி.எஸ்.னு கணக்கு. மடிப்பு போச்சு, கூட்டு போச்சு, புரதத்தோட சொந்த மின்னூட்டமும் அந்த எதிர்மின் வெள்ளத்துல மூழ்கிப் போச்சு. மிச்சம் இருக்கிறது சங்கிலியோட நீளம் மட்டும்தான். இந்த ஜெல் அதைத்தான் அளக்கும். உசிரோட இருக்கும்போது அந்தப் புரதம் எத்தனை பேரா சேர்ந்து இருந்துச்சுன்னு இதுகிட்ட கேட்டா பதில் வராது. லேம்லி 1970-ல நேச்சர்ல இந்த முறையைப் போட்டப்போ, அவர் பார்த்துக்கிட்டு இருந்தது டி4 வைரஸோட தலை எந்தெந்தப் புரதத்தால கூடுதுங்கறதை. கட்டினதைப் பிரிச்சு உறுப்பு உறுப்பாப் பார்க்கிறதுதான் அவருக்கு வேண்டியிருந்துச்சு. நீயும் அதையேதான் செஞ்சிருக்கே.

அந்த ரெண்டு கோடு இருக்கே, அதைப் பார்த்ததும்தான் எனக்கு நம்பிக்கை வந்துச்சு. ஜாகலின் ஆல்ஃபா சங்கிலியில சிலதுல சர்க்கரை ஒட்டியிருக்கும், சிலதுல இருக்காது. சர்க்கரை உள்ளது கொஞ்சம் கனம். அதோட எஸ்.டி.எஸ். அதுல சரியா ஒட்டாததால இன்னும் மெதுவா நகரும். மேல் கோடு அதுவாத்தான் இருக்கும். நிரூபிக்கணும்னா பெரிய மெஷின் வேண்டாம். தாவரவியல் துறையில குரோமோசோமுக்குப் போடற ஷிஃப் திரவம் இருக்கும், கொஞ்சம் கேட்டு வாங்கு. இன்னொரு ஜெல் ஓட்டி, பீரியாடிக் அமிலத்துல ஊற வச்சு, கழுவிட்டு ஷிஃப் போடு. இது சர்க்கரை உள்ள இடத்தைத்தான் ரோஸ் ஆக்கும், அதனால மேல் கோடு மட்டும் ரோஸ் கலரா வந்தா வைவாவுல அதுவே ஒரு பக்கத்துக்குப் பேசும்.

பீட்டா சங்கிலியைத் தேடாதே. 2 கிலோடால்டன் துணுக்கு 12 சதவீத ஜெல்லுல சாயக்கோட்டோட ஓடிடும், தப்பித்தவறி உள்ளே இருந்தாலும் கறை நீக்கறப்போ கழுவிக்கிட்டுப் போயிடும். அதைப் பார்த்தே ஆகணும்னா ட்ரைசின் ஜெல்லு. 1987-ல ஷேகரும் ஃபான் யாகோவும் கொண்டு வந்தது, பஃபர்ல கிளைசினுக்குப் பதிலா ட்ரைசின். எம்.எஸ்சி. ப்ராஜெக்ட்டுக்கு அது அதிகப்படி. ஆனா 12-ஐ விட்டுட்டு 15 சதவீதம் ஊத்து, அந்த ரெண்டு கோடும் நல்லா விலகி நிக்கும்.

இப்போ ப்ரோட்டியேஸ் பேச்சு. தின்னிருந்தா இப்படி சுத்தமா ஒரே இடத்துல நிக்காது. பலவிதத் துண்டு, கலங்கின இழுப்பு, நேரம் ஆக ஆக மாறும். ஒரே எக்ஸ்ட்ராக்டை மூணு டியூப்ல பிரி. ஒண்ணு ஐஸ்ல, ஒண்ணு மேசை மேல சாயங்காலம் வரைக்கும், ஒண்ணு பி.எம்.எஸ்.எஃப். போட்டு. பக்கத்துப் பக்கத்துல ஏத்து. மூணும் ஒண்ணா இருந்தா முடிஞ்சுது. பி.எம்.எஸ்.எஃப்.ஐ ஐசோப்ரோப்பனால்ல கரைச்சு, எடுக்கிற அன்னைக்குச் சேர்க்கணும், தண்ணியில சில மணி நேரத்துல செத்துடும். விஷம், கையுறை போட்டுக்கோ.

உங்க மேடம் சொன்னதுல ஒரு உண்மையும் இருக்கு, அதை விட்டுடக் கூடாது. ஆல்ஃபா, பீட்டா ரெண்டும் முதல்ல ஒரே சங்கிலியாத்தான் உருவாகுது. நடுவுல நாலு அமினோ அமிலம் வெட்டுப்பட்டுத்தான் ரெண்டாகுது. அந்த வெட்டை மரமே விதைக்குள்ள முடிச்சிடுது. உன் மிக்சிக்கும் அதுக்கும் சம்பந்தம் இல்ல. போய் "நீங்க சொன்னது தப்பு மேடம்"னு நிக்காதே. மூணு லேனைக் காட்டு, அவங்களே சொல்லுவாங்க.

இன்னொண்ணும் ஏத்து: மெர்காப்டோஎத்தனால் போட்டது ஒண்ணு, போடாதது ஒண்ணு. நடுவுல ஒரு லேன் காலியா விடு, இல்லேன்னா அது பக்கத்துக்குப் பரவி ரெண்டையும் கெடுக்கும். ஜாகலின்ல சிஸ்டீனே கிடையாது, அதனால மெர்காப்டோஎத்தனால் உடைக்க டைசல்ஃபைடு பாலமும் (ரெண்டு சிஸ்டீனைச் சேர்க்கிற கந்தகப் பிணைப்பு) இல்ல. ரெண்டுலயும் பேண்ட் ஒரே இடத்துல நிக்கணும்.

இனி ஜெல் கோணல். நடுவு தாழ்ந்து ஓரம் ஏறினா சூடு. வெயில் காலத்துல ஏ.சி. இல்லாத கடலூர் லேப்ல 150 வோல்ட் வச்சா நடு ஜெல் கொதிச்சு முன்னே ஓடத்தான் செய்யும். ஸ்டாக்கிங்ல (மேல் ஜெல்லு) 80, அப்புறம் 100, 110, அதுக்கு மேல போகாதே. டேங்கைச் சுத்தி ஐஸ் தண்ணி வை. ரொம்பக் குளிர வச்சா எஸ்.டி.எஸ். உறைஞ்சு வெள்ளையாயிடும், கவனம். லேன் குறுகறது உப்பு. சல்ஃபேட் இன்னும் உள்ளே இருக்கு, ஒரு ராத்திரி போதல. டியூப்ல திரண்ட வெள்ளை எனக்குப் பொட்டாசியம் மாதிரி தோணுது. பாஸ்பேட் பஃபரை எந்த உப்புல செஞ்சேன்னு பாட்டிலைப் பாரு. டைபொட்டாசியம்னா, எஸ்.டி.எஸ்.ஸோட சேர்ந்து கரையாத உப்பா கீழே உக்காந்துடும், கூடவே புரதத்தையும் இழுக்கும். சோடியம் பாஸ்பேட்டுக்கு மாறிடு.

கடற்கரை ஊர்ல இருக்கே, அதனால இதையும் சொல்றேன். அமோனியம் பெர்சல்ஃபேட் பாட்டிலை மூடாம வச்சா காத்து ஈரத்துலயே கெட்டுப்போகும். ஒரு சிட்டிகை எடுத்துத் தண்ணி விட்டா பொரியற சத்தம் கேக்கணும். கேக்கலேன்னா ஜெல் உறையலேன்னு டெமெட் (உறைய வைக்க பெர்சல்ஃபேட்டோட சேர்க்கிறது) மேல பழி போடாதே.

மாஸ் ஸ்பெக் சொன்ன தம்பிக்கு: நல்ல கருவிதான், வேண்டாம்னு சொல்லல. டிரிப்சின் என்சைம்ல செரிச்சு அனுப்பினா அது ஜாகலின்னு சொல்லும். நாலு அலகா நின்னுச்சான்னு அதுவும் சொல்லாது.

பரங்கிப்பேட்டை அலை

பெரியவர் சொல்றது எங்க பக்கமும் தினம் நடக்கிறதுதான். நான் இறால் அலர்ஜிப் புரதம் டிரோப்போமயோசின் பார்க்கிறேன். தசையில அது ரெண்டு சங்கிலி முறுக்கிக்கிட்டு இருக்கும். ஜெல்லுல ஏறினா ஒத்தைச் சங்கிலியா 35-லிருந்து 38-க்குள்ள எங்கேயோ நிக்கும். முதல் தடவை பார்க்கிற ஜூனியர் எல்லாம் இதே கேள்வியோடதான் வருவாங்க.

தோழி, பிராட்ஃபோர்டு (நீலச் சாயத்தால புரத அளவு பார்க்கிறது) பண்ணும்போது சாம்பிள் பஃபர் கலந்த டியூப்லேர்ந்து எடுக்காதீங்க, எஸ்.டி.எஸ். இருந்தா நீலம் பொய் சொல்லும். அளந்துட்டு அப்புறம் கலக்குங்க. கச்சா எக்ஸ்ட்ராக்ட் 15 மைக்ரோகிராம், சுத்தப்படுத்தினது 3 ஏத்தினா போதும். "தடியா ஒரு பேண்ட்"னு எழுதியிருக்கீங்க, எனக்கு அது ஓவர்லோடாத்தான் படுது.

கெடிலக்கரை

பெரியவர் ஐயாவுக்கு ரொம்ப நன்றி. பாட்டிலைப் பார்த்தேன், டைபொட்டாசியம்தான்! சோடியத்துக்கு மாத்தினதும் டியூப் தெளிவா இருக்கு. மூணு டியூப்பும் ஏத்தினேன், மூணுலயும் அதே ரெண்டு கோடு. மெர்காப்டோஎத்தனால் இல்லாமலும் அதே இடம். மேடம் போட்டோவை வாங்கி வச்சுக்கிட்டாங்க, ஒண்ணும் சொல்லல, ஆனா "நேட்டிவ்ல 65 காட்டு பார்ப்போம்"னாங்க, அதாவது பிரிக்காத நிலையில.

ஸ்டோர்ல பழைய செஃபடெக்ஸ் ஜி-100 பொடி (அளவுப்படி புரதம் பிரிக்கிற காலத்துல நிரப்பற மணி) ஒரு பாட்டில் இருக்கு. அது ஆகுமா, இல்ல நேட்டிவ் ஜெல் ஓட்டட்டுமா? டயாலிசிஸ் பை 12 கிலோடால்டன் கட்-ஆஃப், 15 உள்ளது ஒழுகிடாதா? பீட்டா 2 தானே? அப்புறம் பேரியம் குளோரைடு விட்டு சல்ஃபேட் இருக்கான்னு பார்க்கச் சொன்னாங்க. மூணு தடவை பஃபர் மாத்தியும் வெள்ளை வந்துக்கிட்டே இருக்கு.

முத்தியால்பேட்டை பெரியவர்

பேரியம் முதல்ல. நீ வெளியே வச்சிருக்கிறதே பாஸ்பேட் பஃபர். பேரியம் பாஸ்பேட்டும் வெள்ளைதான். வெள்ளை வந்ததும் ரெண்டு சொட்டு ஹைட்ரோகுளோரிக் அமிலம் விடு. கரைஞ்சுட்டா பாஸ்பேட், கரையாம நின்னா சல்ஃபேட்.

பை ஒழுகாது. பைக்குள்ள இருக்கும்போது அது பிரியல, 65-ஆத்தான் இருக்கு, பீட்டாவும் அதோடயே ஒட்டிக்கிட்டு இருக்கு. பிரிக்கிறது எஸ்.டி.எஸ்.தான், டயாலிசிஸ் பஃபர் இல்ல.

நேட்டிவ் ஜெல் உனக்கு வேண்டாம். அதுல மின்னூட்டம், வடிவம், அளவு மூணும் சேர்ந்து வேகத்தைத் தீர்மானிக்கும். ஜாகலின்ல கொஞ்சம் கொஞ்சம் மாறின வகைகள் நிறைய, ஐசோஎலக்ட்ரிக் புள்ளி (நிகர மின்னூட்டம் சுழியாகிற பி.எச்.) ஒரே இடத்துல நிக்காது. இழுப்பாத்தான் வரும், அதைப் பார்த்து எடை சொல்ல முடியாது. ஜி-100 உனக்கு அளவெடுத்த மாதிரி. உருண்டைப் புரதம்னா 4-லிருந்து 150 கிலோடால்டன் வரைக்கும் பிரிக்கும். பொடியை பஃபர்ல ஊற விடணும், அறை வெப்பத்துல மூணு நாள். அவசரம்னா கொதிக்கிற தண்ணிக் குளியல்ல அஞ்சு மணி நேரம். மேக்னடிக் ஸ்டிர்ரர்ல போட்டுச் சுத்தாதே, மணி உடைஞ்சு மாவாயிடும், அப்புறம் காலம் அடைச்சுக்கும். மேலேர்ந்து தண்ணி அழுத்தத்தை ஏத்தி வேகப்படுத்தவும் கூடாது, அது மெத்துன்னு இருக்கிற ஜெல், அமுங்கிடும். சாம்பிள் காலத்தோட கொள்ளளவுல ரெண்டு சதவீதத்துக்குள்ள வச்சுக்கோ.

புளூ டெக்ஸ்ட்ரானை (மணிக்குள்ள நுழையாத பெரிய நீல மூலக்கூறு) தனியா ஓட்டி, மணிகளுக்கு வெளியே உள்ள காலி இடத்தைக் கண்டுபிடி. அப்புறம் எடை தெரிஞ்ச புரதங்கள்: பி.எஸ்.ஏ. (மாட்டு ரத்தத்து அல்புமின்) 66, ஓவால்புமின் 45, கார்போனிக் அன்ஹைட்ரேஸ் 29, சைட்டோகுரோம் சி 12.4. உன் புரதம் பி.எஸ்.ஏ. வர இடத்துக்குப் பக்கத்துல வரணும். அந்த ஃபிராக்ஷனையே (காலத்துலேர்ந்து டியூப்ல பிடிச்ச பகுதி) எடுத்துக் கொதிக்க வச்சு எஸ்.டி.எஸ். ஜெல்லுல ஏத்து. காலத்துல 65, ஜெல்லுல 15, ஒரே டியூப்லேர்ந்து. உங்க மேடம் கேக்கிறது இதைத்தான்.

லெக்டின் ஆளுங்க கவனிக்க வேண்டிய ஒரு விஷயம் இருக்கு. செஃபடெக்ஸ் குளுக்கோஸ் சங்கிலி. ஜாகலினுக்குப் பிடிச்சது காலக்டோஸ், அதனால இதுல பெரிசா மாட்டாது. ஆனா உன் வெட்டுல ஆர்டோகார்பின்னு இன்னொரு பலா லெக்டினும் இருக்கலாம், அது மேனோஸ் ஆளு. ஜாக் பீன்ங்கற அவரையோட லெக்டின் கான்-ஏ செஃபடெக்ஸ்ல ஒட்டிக்கும், குளுக்கோஸ் விட்டுத்தான் இறக்குவாங்க. அப்படி ஏதாவது பின்தங்கி வந்தா அளவைத் தப்பா படிச்சிடாதே. செஃபரோஸ்னா நேர் எதிர்: அது அகரோஸ், அதுல காலக்டோஸ் உண்டு, அங்கே ஜாகலினே மாட்டலாம். யாராவது செஃபரோஸ் காலம் கடன் கொடுத்தா பஃபர்ல கொஞ்சம் காலக்டோஸ் சேர்த்து ஓட்டு.

அஃபினிட்டி காலம் (லெக்டினுக்குப் பிடிச்ச சர்க்கரையை வச்சு அதை மட்டும் பிடிக்கிறது) வேணும்னு கேட்டா, கொத்தவரை விதைப் பிசின் பொடி கிடைக்கும். காலக்டோஸ் கிளை உள்ள சர்க்கரைச் சங்கிலி அது. அதை எபிகுளோரோஹைட்ரின்ல குறுக்குப் பிணைச்சு மணியாக்கி, லெக்டினைப் பிடிச்சு, காலக்டோஸ் விட்டு இறக்கறது பழைய இந்திய லேப் வழி, செலவு கம்மி. ஆனா எபிகுளோரோஹைட்ரின் புற்றுநோய் சமாச்சாரம். ஒழுங்கா இழுக்கிற ஃபியூம் ஹூட் இல்லாத லேப்ல அந்தப் பாட்டிலைத் திறக்காதே, யாரு சொன்னாலும். ஹூட் இல்லேன்னா ஜி-100-ஓட நிறுத்திக்கோ, போதும்.

கடைசியா, எடை மட்டும் காட்டினா லெக்டின்னு ஆகாது. வேலை செய்யுதான்னு கேப்பாங்க. ரத்தச் சிவப்பணுவைக் கழுவி 2 சதவீதக் கரைசலாக்கி, அடி உருண்ட 96 குழித் தட்டுல ஃபிராக்ஷன்களை பாதி பாதியா நீர்த்துப் போட்டுச் சேரு. ஜாகலின் ஏ, பி, ஓ எந்த வகை மனித ரத்தத்தையும் திரள வைக்கும், முயலைத் தேடி அலைய வேண்டாம். ரத்தம் எடுக்கத் தெரிஞ்சவங்கதான் எடுக்கணும். திரண்டா குழி பூரா விரிப்பா படரும், திரளலேன்னா நடுவுல சிவப்புப் பொட்டா உக்காரும். பக்கத்து வரிசையில அதையே காலக்டோஸ் சேர்த்துப் போடு, பொட்டு திரும்பி வரணும். அதுக்கும் பக்கத்துல காலக்டோஸுக்குப் பதிலா குளுக்கோஸ் ஒரு வரிசை. இந்த ரெண்டு வரிசையும் இல்லாத தட்டை எக்ஸ்டர்னல் எக்ஸாமினர் முன்னாடி எடுத்துக்கிட்டுப் போகாதே.